கேம் போகட்டும், ஆடிய ஆட்டம் இருக்கட்டும்

விண்டோஸ் கணினியில் 'திஸ் பிசி'யைத் திறந்தால் ஒவ்வொரு டிரைவுக்கும் கீழே ஒரு பட்டை தெரியும். இடம் தாராளமாக இருக்கும்வரை அது நீலம். காலி இடம் பத்து சதவீதத்துக்குக் கீழே இறங்கியதும் சிவப்பு. அந்தச் சிவப்பைப் பார்த்தவுடன் வருகிற அவசரத்தில்தான் பலரும் தவறு செய்கிறார்கள். எதையாவது அழித்து உடனே இடம் பிடிக்க வேண்டும் என்று தோன்றுகிறது. பிள்ளைகளும் பயன்படுத்துகிற வீட்டுக் கணினி என்றால் முதலில் கை போவது கேம்களின் மேல்தான்.

கேம்களின் மேல் கை போவதில் நியாயம் உண்டு. இன்றைய பெரிய கேம் ஒன்று எடுத்துக்கொள்ளும் இடத்தைப் பாருங்கள். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2 கேட்பது 150 ஜிபி. பால்டர்ஸ் கேட் 3-ம் அதே 150 ஜிபி. 2019-இல் வந்த கால் ஆஃப் டியூட்டி: மாடர்ன் வார்ஃபேருக்கு 175 ஜிபி வேண்டும் என்று அதன் தேவைப் பட்டியலே சொன்னது. நம் வீடுகளில் சாதாரணமாகக் காணும் லேப்டாப்பில் இருப்பது 512 ஜிபி எஸ்எஸ்டி. தயாரிப்பாளர் ஒரு ஜிபியை நூறு கோடி பைட் என்று கணக்கிடுகிறார், விண்டோஸ் 1024-இன் பெருக்கத்தில் கணக்கிடுகிறது. அதனால் திரையில் தெரிவது 476 ஜிபிதான். விண்டோஸும் மற்ற மென்பொருள்களும் எடுத்தது போக மீதியில் இரண்டு பெரிய கேம்கள் ஏறினாலே மூச்சு முட்டத் தொடங்கிவிடும்.

ஆனால் கேமை அழிப்பதும் கேமில் இதுவரை ஆடியதை அழிப்பதும் வேறு வேறு. கேமை எப்போது வேண்டுமானாலும் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். மூன்று மாதம் விளையாடி எட்டிய கட்டம், சேர்த்த ஆயுதங்கள், கட்டிய ஊர் எல்லாம் கேமைவிட மிகச் சிறிய ஒரு சேவ் ஃபைலில் இருக்கின்றன. அது போனால் போனதுதான். ஆகவே எந்த கேமை நீக்கினாலும் இரண்டை மட்டும் மனதில் வையுங்கள். முதலில் சேவ் ஃபைலைப் பத்திரப்படுத்துங்கள். பிறகு, கேம் எந்த வழியாக உள்ளே வந்ததோ அதே வழியாக வெளியே அனுப்புங்கள். கீழே வருவதெல்லாம் இந்த இரண்டின் விரிவுதான்.

இடமா, வேகமா?

"கம்ப்யூட்டர் ஹேங் ஆகிறது, கேமை எல்லாம் எடுத்துவிடலாமா?" என்று கேட்பவர்கள் அதிகம். டிரைவில் சும்மா கிடக்கும் கேம் உங்கள் ரேமையோ பிராசஸரையோ தொடுவதில்லை. 100 ஜிபி கேம் ஒன்று ஒரு வருடம் திறக்கப்படாமல் கிடந்தாலும், டிரைவில் தாராளமாக இடம் இருக்கும்வரை, கணினியின் வேகம் அதனால் குறையாது. வேகத்தைக் குறைப்பது பெரும்பாலும் கேமோடு வந்த லாஞ்சர்கள், அதாவது கேமை இறக்கித் திறந்து தரும் மென்பொருள்கள். கணினியை ஆன் செய்ததும் ஸ்டீம், எபிக், மற்ற கம்பெனிகளின் லாஞ்சர்கள் எல்லாம் தாமாகவே எழுந்து பின்னணியில் ஓடத் தொடங்குகின்றன. கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தி டாஸ்க் மேனேஜரைத் திறந்து, ஸ்டார்ட்அப் பகுதியில் இவற்றை 'டிஸேபிள்' செய்யுங்கள். எந்த கேமையும் இழக்காமலே காலையில் கணினி சுறுசுறுப்பாக எழும்.

டிரைவ் விளிம்பு வரை நிரம்பிவிட்டால் கதை வேறு. எஸ்எஸ்டி எழுதும் வேகத்துக்குக் காலி இடம் தேவை. இடம் சுருங்கச் சுருங்க அது திணறும். விண்டோஸ் அப்டேட் இறங்காது. கணக்கு மென்பொருளின் பேக்கப் பாதியில் நிற்கும். விண்டோஸ் 10-க்கான மைக்ரோசாஃப்டின் வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14-உடன் முடிந்துவிட்டதால், விண்டோஸ் 11-க்கு மாற நினைப்பவர்களுக்கும் காலி இடம் அவசியம். இந்த நிலையில் கேமை நீக்குவது சரியான மருந்துதான்.

முதலில் கணக்குப் பாருங்கள்

கேம்களைத் தொடுமுன், கேம் அல்லாத குப்பை எவ்வளவு என்று பாருங்கள். செட்டிங்ஸில் 'சிஸ்டம்', அதில் 'ஸ்டோரேஜ்'. எது எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று விண்டோஸே பிரித்துக் காட்டும். அங்கே 'டெம்பரரி ஃபைல்ஸ்' என்பதைத் திறந்தால் அழிக்கக்கூடியவை பட்டியலாக வரும். சமீபத்தில் விண்டோஸின் புதிய பதிப்புக்கு மாறியிருந்தால், பழைய விண்டோஸ் முழுவதும் 'ப்ரீவியஸ் விண்டோஸ் இன்ஸ்டாலேஷன்' என்ற பெயரில் பல ஜிபி பிடித்துக்கொண்டு நிற்கும். பொதுவாகப் பத்து நாளில் அது தானே போய்விடும். புதிய பதிப்பு உங்களுக்குச் சரிப்பட்டுவிட்டது என்றால் முன்னதாகவே நீக்கலாம். அதே பட்டியலில் 'டவுன்லோட்ஸ்' என்றும் ஒரு வரி இருக்கும். அதை மட்டும் டிக் செய்யாதீர்கள். நீங்கள் இறக்கி வைத்த சான்றிதழ், ரசீது, போட்டோ எல்லாம் அந்த ஃபோல்டரில்தான் கிடக்கும். டிக் செய்தால் அத்தனையும் போய்விடும்.

அடுத்து 'வீடியோஸ்' ஃபோல்டர். விளையாடும்போது திரையைப் பதிவு செய்யும் வசதி விண்டோஸிலேயே இருக்கிறது. அந்தப் பதிவுகள் 'வீடியோஸ்' உள்ளே 'கேப்சர்ஸ்' என்ற ஃபோல்டரில் சேரும். கிராஃபிக்ஸ் கார்டு மென்பொருள் வழியாகப் பதிவு செய்தாலும் வழக்கமாக 'வீடியோஸ்' ஃபோல்டர்தான். பிள்ளைகள் ஆசையாகப் பதிவு செய்துவிட்டு மறந்துபோகிற இந்த வீடியோக்கள் சில கணினிகளில் ஒரு கேமையே விஞ்சும் அளவுக்குப் பெருத்திருக்கும்.

இதற்குப் பிறகும் இடம் போதவில்லை என்றால் கேம்களுக்கு வாருங்கள். விண்டோஸ் 11-இல் செட்டிங்ஸ், ஆப்ஸ், 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' என்று போய் 'சைஸ்' வாரியாக வரிசைப்படுத்துங்கள். விண்டோஸ் 10-இல் அதே பக்கத்தின் பெயர் 'ஆப்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ்'. இந்தப் பட்டியலை மட்டும் நம்பிவிட வேண்டாம். லாஞ்சர் வழியாக வந்த பல கேம்களின் அளவு இங்கே சரியாகத் தெரியாது. சிலவற்றுக்கு அளவே வராது. ஸ்டீம் கேம்களுக்கு ஸ்டீமின் செட்டிங்ஸில் உள்ள 'ஸ்டோரேஜ்' பக்கம்தான் சரியான கணக்கு. மொத்த டிரைவையும் படமாகப் பார்க்க வேண்டுமானால் விஸ்ட்ரீ, வின்டிர்ஸ்டாட் போன்ற மென்பொருள்கள் இருக்கின்றன. வீட்டுப் பயன்பாட்டுக்கு இரண்டுமே இலவசம். எந்த ஃபோல்டரில் எவ்வளவு இருக்கிறது என்று பெரியதிலிருந்து சிறியதாக வரிசையாகக் காட்டிவிடும். பார்ப்பதற்கு மட்டும் இவற்றைப் பயன்படுத்துங்கள்; அழிக்கிற வேலையை இவற்றிடம் கொடுக்க வேண்டாம்.

எதை அனுப்புவது?

முதலில் போக வேண்டியவை ஆடி முடித்த கதை கேம்கள். அடுத்தது, ஆன்லைனில் மட்டும் ஆடுகிற, இப்போது கைவிட்ட கேம்கள். வாலரன்ட், டோட்டா 2, ஃபோர்ட்நைட் போன்றவற்றில் உங்கள் கணக்கு, நிலை, வாங்கிய பொருள்கள் எல்லாம் கம்பெனியின் சர்வரில் இருக்கின்றன. கேமை நீக்கினாலும் அவை அப்படியே இருக்கும். மறுபடி அதே கணக்கில் நுழைந்தால் போதும். லாகின் மின்னஞ்சலும் பாஸ்வேர்டும் நினைவில் இருக்கிறதா என்று மட்டும் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

பாதி ஆடிய ஒற்றையாள் கேம்களைக் கடைசியில் தொடுங்கள். அவற்றில்தான் இழப்பு நேரும்.

கூடவே இன்னொரு கணக்கும் உண்டு: திரும்ப வேண்டும் என்றால் இறக்க எவ்வளவு நேரம் ஆகும்? 150 ஜிபி கேமை 50 எம்பிபிஎஸ் பிராட்பேண்டில் இறக்க, வேகம் குறையாமல் வந்தால்கூட ஏறக்குறைய ஏழு மணி நேரம். வீட்டில் பிராட்பேண்ட் இல்லை, நாளுக்கு 1.5 ஜிபி தருகிற மொபைல் டேட்டாதான் என்றால் நூறு நாள். நகரத்தில் ஃபைபர் இணைப்பு உள்ளவர் தயங்காமல் நீக்கலாம். கிராமத்தில் ஹாட்ஸ்பாட்டை நம்பியிருக்கும் மாணவருக்கு அதே ஆலோசனை பொருந்தாது. அவர் நீக்குவதைவிட வேறு டிரைவுக்கு மாற்றுவதே நல்லது. அதைப் பின்னால் சொல்கிறேன்.

சேவ் ஃபைல் எங்கே இருக்கிறது?

நிதானம் தேவைப்படுகிற இடம் இதுதான். சேவ் ஃபைல் எங்கே இருக்க வேண்டும் என்று எல்லா கேமுக்கும் பொதுவான விதி கிடையாது. ஆனால் பெரும்பாலானவை சில குறிப்பிட்ட இடங்களில்தான் ஒதுங்கும்.

முதல் இடம் 'டாக்குமென்ட்ஸ்'. அதற்குள் 'மை கேம்ஸ்' என்ற ஃபோல்டரிலோ கேமின் அல்லது கம்பெனியின் பெயரிலேயே உள்ள ஃபோல்டரிலோ இருக்கும். இரண்டாவது, உங்கள் யூசர் ஃபோல்டரில் உள்ள 'சேவ்டு கேம்ஸ்'. மூன்றாவது 'ஆப்டேட்டா'. இது மறைந்திருக்கும் ஃபோல்டர். ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் 'வியூ' மெனுவுக்குப் போய் 'ஹிடன் ஐட்டம்ஸ்' என்பதை டிக் செய்தால் கண்ணுக்குத் தெரியும். இதற்குள் 'லோக்கல்', 'லோக்கல்லோ', 'ரோமிங்' என்று மூன்று பிரிவு. அன்ரியல் எஞ்சினில் செய்த கேம்கள் பெரும்பாலும் 'லோக்கல்' உள்ளேயும், யூனிட்டியில் செய்தவை 'லோக்கல்லோ' உள்ளேயும் சேமிக்கும். குறிப்பிட்ட ஒரு கேமுக்கு இடம் தெரியவில்லை என்றால் பிசி கேமிங் விக்கியில் அதன் பெயரைத் தேடுங்கள். சேவ் ஃபைல் இருக்கும் இடத்தை அங்கே கேம் வாரியாகக் குறித்து வைத்திருக்கிறார்கள்.

ஓர் உதாரணத்தைக் கிட்டத்தில் பார்ப்போம். ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ் 2005-இல் கணினிக்கு வந்தது. இன்றும் எத்தனையோ வீடுகளில், கல்லூரி விடுதிகளில் அது ஓடிக்கொண்டிருக்கிறது. கேமின் அளவு நான்கு ஜிபிக்கும் மேல். 'டாக்குமென்ட்ஸ்' உள்ளே 'ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ் யூசர் ஃபைல்ஸ்' என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். திறந்தால் 'பி' என்ற ஒற்றை எழுத்து நீட்சியோடு முடியும் ஃபைல்கள், கேமில் உள்ள எட்டு சேவ் இடங்களுக்கும் ஒன்றாக, அதிகபட்சம் எட்டு இருக்கும். ஒவ்வொன்றும் சுமார் 200 கேபி. எட்டையும் சேர்த்தாலும் இரண்டு எம்பி தாண்டாது. வாட்ஸ்அப்பில் நமக்கு நாமே அனுப்பிக்கொள்ளலாம். அந்த ஒரு ஃபோல்டரை எடுத்து வைத்துவிட்டுக் கேமை நீக்கினால், எப்போது மறுபடி போட்டாலும் விட்ட மிஷனிலிருந்தே தொடரலாம். இது பழைய பதிப்புக்கான கணக்கு. பின்னால் வந்த புதுப்பித்த பதிப்பில் இடம் வேறு.

மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு இன்னும் முக்கியம். அதில் பிள்ளைகள் கட்டிய உலகங்கள் 'ஆப்டேட்டா', 'ரோமிங்', புள்ளியில் தொடங்கும் 'மைன்கிராஃப்ட்' ஃபோல்டர், அதற்குள் 'சேவ்ஸ்' என்ற இடத்தில் இருக்கும். தன் கணினியிலேயே கட்டிய உலகத்தை மைக்ரோசாஃப்ட் கணக்கு காப்பாற்றித் தராது. 'சேவ்ஸ்' ஃபோல்டரை முழுதாக நகலெடுக்காமல் அந்த இடத்தில் எதையும் அழிக்காதீர்கள்.

ஸ்டீமில் வாங்கிய பல கேம்களுக்கு ஸ்டீம் கிளவுட் வசதி உண்டு. கேமின் பக்கத்தில் 'ப்ளே' பட்டனுக்குப் பக்கத்தில் 'கிளவுட் ஸ்டேட்டஸ்' என்று வரும். அது 'அப் டு டேட்' என்று காட்டினால் உங்கள் சேவ் ஃபைல் ஸ்டீமின் சர்வரில் ஏறிவிட்டது. எல்லா கேமுக்கும் இந்த வசதி இல்லை என்பதால் ஒவ்வொன்றாகத்தான் பார்க்க வேண்டும். இணையம் இல்லாதபோது ஆடியிருந்தால் கணினியை ஒருமுறை இணையத்தோடு இணைத்து, ஸ்டீமைத் திறந்து, ஏறி முடியும்வரை பொறுங்கள். எக்ஸ்பாக்ஸ் ஆப் வழியாக வந்த கேம்கள் பெரும்பாலும் மைக்ரோசாஃப்ட் கணக்கில் தாமாகவே சேமித்துக்கொள்ளும். அங்கேயும் நீக்குமுன் கணக்கில் நுழைந்திருக்கிறோமா, இணையம் இருக்கிறதா என்று பார்ப்பது அவசியம்.

ஒன்டிரைவ் விஷயத்தில் ஓர் எச்சரிக்கை. விண்டோஸில் 'டாக்குமென்ட்ஸ்' ஃபோல்டர் பல கணினிகளில் ஒன்டிரைவோடு இணைக்கப்பட்டிருக்கும். அங்கே இலவசம் 5 ஜிபிதான். கேம்கள் சேமித்துச் சேமித்து அதையும் நிரப்பிவிடும். இடம் வேண்டும் என்று அந்த ஃபோல்டரில் கை வைத்தால், கணினியில் அழித்தது ஒன்டிரைவிலும் அழியும். "கிளவுடில் ஒரு நகல் இருக்கிறதே" என்ற தைரியத்தில் அழித்துவிடாதீர்கள். அது தனி நகல் கிடையாது, ஒரே ஃபைலின் இரண்டு முகங்கள். பென் டிரைவிலோ வேறு டிரைவிலோ தனியாக ஒரு நகல் எடுத்த பிறகே அழியுங்கள்.

வந்த வழியே அனுப்புவது

டெஸ்க்டாப்பில் உள்ள ஐகானை அழித்தால் கேம் போகாது. அது வெறும் சுட்டி. கேமின் ஃபோல்டரையே பிடித்து டெலீட் அடிப்பவர்களும் உண்டு. இடம் கிடைக்கும் என்பது உண்மைதான். ஆனால் கேம் இன்னும் இருப்பதாகவே விண்டோஸும் லாஞ்சரும் நினைத்துக்கொண்டிருக்கும். பட்டியலில் பெயர் நிற்கும், அன்இன்ஸ்டால் அழுத்தினால் பிழை வரலாம். அப்படி ஏற்கெனவே நடந்துவிட்டிருந்தால், அதே கேமை அதே இடத்தில் மறுபடி நிறுவிவிட்டு முறையாக நீக்குவதுதான் எளிய வழி.

ஸ்டீம் என்றால் 'லைப்ரரி'க்குப் போய், கேமின் பெயரில் வலது கிளிக் செய்து, 'மேனேஜ்', பிறகு 'அன்இன்ஸ்டால்'. கேம் உங்கள் கணக்கிலேயே இருக்கும். காசு கொடுத்து வாங்கியது எங்கும் போகாது. எபிக் என்றால் லைப்ரரியில் கேமின் பக்கத்தில் உள்ள மூன்று புள்ளிகளை அழுத்தினால் 'அன்இன்ஸ்டால்' வரும். எக்ஸ்பாக்ஸ் ஆப், மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் கேம்களை விண்டோஸின் 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' பட்டியலிலிருந்தே நீக்கலாம். சிடி, டிவிடியில் வந்த பழைய கேம்களுக்கும் அதே பட்டியல்தான். அவற்றின் சீரியல் எண் உறையில் இருக்கிறதா என்று முதலில் தேடி எடுத்து, போனில் ஒரு படம் பிடித்து வையுங்கள்.

கேமோடு சேர்த்து ஸ்டீமையே அன்இன்ஸ்டால் செய்துவிடுவது பெரிய ஆபத்து. ஸ்டீம் ஃபோல்டருக்குள் 'ஸ்டீம்ஆப்ஸ்' என்ற ஃபோல்டரில்தான் கேம்கள் இருக்கின்றன. ஸ்டீம் போகும்போது அவற்றையும் அழைத்துக்கொண்டு போய்விடும். மற்ற லாஞ்சர்களிலும் அவசரம் வேண்டாம். யூபிசாஃப்ட் லாஞ்சர் தன் ஃபோல்டருக்குள்ளேயே 'சேவ்கேம்ஸ்' என்று வைத்திருக்கிறது. லாஞ்சரைத் தூக்கினால் அதுவும் சேர்ந்து போக வாய்ப்பு உண்டு.

வாலரன்டை நீக்குபவர்கள் பாதி வேலையோடு நின்றுவிடுவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். அந்த கேமோடு 'ரயட் வேன்கார்ட்' என்ற, ஏமாற்று வேலையைத் தடுக்கும் மென்பொருளும் வரும். கணினி ஆன் ஆகும்போதே விண்டோஸின் ஆழத்தில் ஏறி உட்கார்ந்துகொள்கிற வகை அது. வாலரன்டை நீக்கினாலும் அது தனியாக நிற்கும். பட்டியலில் அதன் பெயரைத் தேடித் தனியாக நீக்குங்கள். ரயட்டின் வேறு கேம்களை இன்னும் ஆடுகிறீர்கள் என்றால், அவற்றுக்கு அது தேவையா என்று பார்த்துவிட்டுச் செய்யுங்கள்.

ப்ளூஸ்டாக்ஸ் போன்ற எமுலேட்டரில் மொபைல் கேம் ஆடுபவர்களுக்கு ஒரு குழப்பம் வரும். எமுலேட்டருக்குள்ளே கேமை நீக்கியிருப்பார்கள், சி டிரைவில் காலி இடம் ஒரு ஜிபிகூட ஏறியிருக்காது. எமுலேட்டர் தன் ஆண்ட்ராய்டு உலகம் முழுவதையும் ஒரே பெரிய ஃபைலாக வைத்திருக்கிறது. உள்ளே காலியானாலும் அந்த ஃபைல் தானாகச் சுருங்காது. எமுலேட்டரின் செட்டிங்ஸில் டிஸ்க் சுத்தம் செய்யும் வசதி இருந்தால் அதை ஓட்டுங்கள். எமுலேட்டரே வேண்டாம் என்றால் அதை முழுதாக நீக்கிவிடுங்கள், இடம் மொத்தமாகத் திரும்பும்.

நீக்கிய பிறகு

அன்இன்ஸ்டால் முடிந்ததும் கேம் இருந்த ஃபோல்டரை ஒருமுறை எட்டிப் பாருங்கள். ஸ்டீம் தான் இறக்கிய ஃபைல்களைத்தான் நீக்கும். கேமை மாற்றி ஆட நீங்களாகச் சேர்த்த மோட் ஃபைல்கள் 'ஸ்டீம்ஆப்ஸ்' உள்ளே 'காமன்' என்ற ஃபோல்டரில் தங்கிவிடலாம். ஏராளமாக மோட் போட்டு ஆடுபவர்களுக்கு இது பல ஜிபி வரும். சேவ் ஃபைலின் நகல் கையில் இருக்கிறது என்று உறுதி செய்துகொண்டு, மீந்த ஃபோல்டரைக் கையால் அழிக்கலாம். கடைசியாக ரீசைக்கிள் பின்னைக் காலி செய்யுங்கள். அதில் கிடக்கும்வரை இடம் திரும்பாது.

தொடக்கூடாதவையும் சில உண்டு. 'மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி ப்ளஸ் ப்ளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்' என்ற பெயரில் வருடம் வருடமாகப் பத்து வரிகூட பட்டியலில் இருக்கும். ஒரே பொருள் பலமுறை வந்திருக்கிறது என்று நினைத்து நீக்கிவிடாதீர்கள். வெவ்வேறு மென்பொருள்கள் வெவ்வேறு பதிப்பை நம்பியிருக்கின்றன. இவற்றை நீக்கிக் கிடைக்கும் இடம் சொற்பம்தான். நின்றுபோவதோ கேமும் அலுவலக மென்பொருளும். ரெஜிஸ்ட்ரி கிளீனர் என்று விளம்பரம் செய்யும் மென்பொருள்களும் வேண்டாம். ரெஜிஸ்ட்ரியில் மீந்திருக்கும் வரிகள் இடத்தையே அடைப்பதில்லை. தவறான வரி ஒன்று போனால் விண்டோஸே தடுமாறும்.

எஸ்எஸ்டியில் இடம் காலியான பிறகு 'டிஃப்ராக்' செய்யத் தேவையில்லை. காலியான இடத்தைப் பற்றி எஸ்எஸ்டிக்குச் சொல்லும் 'ட்ரிம்' வேலையை விண்டோஸ் தானாகவே செய்துவிடுகிறது.

கிராக் செய்த கேம் இருந்தால்

மனம் திறந்து சொல்ல வேண்டிய விஷயம் இது. நம் ஊரில் 'ரீபேக்' என்று சுருக்கி வரும் திருட்டு நகல்களை நிறுவிய கணினிகள் ஏராளம். அவற்றில் பலவும் நிறுவும்போது ஆன்டிவைரஸை நிறுத்தச் சொல்லும், அல்லது கேமின் ஃபோல்டரை ஆன்டிவைரஸ் பார்க்காதபடி விலக்கச் சொல்லும். கேமை நீக்கினாலும் அந்த விலக்கு அப்படியே நிற்கிறது. அந்த ஃபோல்டருக்குள் எந்த வைரஸ் வந்து உட்கார்ந்தாலும் காவல்காரர் அந்தப் பக்கம் திரும்பமாட்டார்.

'விண்டோஸ் செக்யூரிட்டி'யைத் திறந்து, 'வைரஸ் அண்ட் த்ரெட் புரொடெக்ஷன்', 'மேனேஜ் செட்டிங்ஸ்', அதன் அடியில் 'எக்ஸ்க்ளூஷன்ஸ்' என்று போங்கள். அங்கே நீங்கள் அறியாத எந்த வரி இருந்தாலும் நீக்குங்கள். பிறகு ஒரு 'ஃபுல் ஸ்கேன்' ஓட்டுங்கள். அதே கணினியில்தான் நெட் பேங்கிங்கும் யுபிஐ கணக்கும் திறக்கிறோம் என்றால் இந்தச் சோதனை மிகவும் அவசியம்.

நீக்க மனமில்லையா? மாற்றுங்கள்

நம் கணினிகளில் விற்பவரோ சர்வீஸ் செய்பவரோ டிரைவை சி, டி என்று பிரித்துத் தருவது வழக்கம். எல்லாம் சி-யிலேயே ஏறி அது சிவப்பாகிவிடும்; டி-யில் 200 ஜிபி சும்மா கிடக்கும். இந்த நிலையில் எதையும் அழிக்கவே வேண்டாம். ஸ்டீமில் கேமின் பெயரில் வலது கிளிக், 'ப்ராப்பர்ட்டீஸ்', 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்', 'மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்' என்று போனால் டி-க்கு மாற்றிவிடலாம். ஃபோல்டரைக் கையால் இழுத்துப் போடாமல் இந்த வழியில் மாற்றினால் ஸ்டீமுக்குப் புது இடம் தெரியும், ஒரு எம்பிகூட மறுபடி இறக்க வேண்டியிருக்காது.

வெளி ஹார்டு டிஸ்க் இருந்தால் அதற்கும் இதே முறைதான். பழைய கேம்கள் அங்கிருந்தே நன்றாக ஓடும். எஸ்எஸ்டி கட்டாயம் என்று கேட்கும் புதிய கேம்களை அங்கே வைத்து ஆடினால் அவை திணறலாம். ஆனால் வைத்திருந்து, வேண்டும்போது திரும்பக் கொண்டுவரலாம். ஹாட்ஸ்பாட்டை நம்பியிருக்கிறவருக்கு நூறு நாள் காத்திருப்பதை மிச்சப்படுத்தும் வழி இது. பென் டிரைவில் எடுத்து வைப்பதானால் அது 'ஃபேட் 32' முறையில் இருக்கக் கூடாது. அதில் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றை ஃபைல் ஏறாது. 'எக்ஸ்ஃபேட்' அல்லது 'என்டிஎஃப்எஸ்' என்று ஃபார்மட் செய்துகொள்ளுங்கள்.

இன்னொரு வழி, கேமின் ஒரு பகுதியை மட்டும் நீக்குவது. கால் ஆஃப் டியூட்டி வரிசையில் கதைப் பகுதி தனி, பலர் ஆடும் பகுதி தனி. கதையை முடித்துவிட்டால் அதை மட்டும் நீக்கலாம். ஃபோர்ட்நைட்டில் உயர் துல்லியப் படங்கள் விருப்பத் தேர்வுதான். சாதாரண லேப்டாப்பில் அவற்றால் பெரிய பலன் இல்லை, எடுத்துவிடலாம்.

ஆப்பிள் மேக் வைத்திருப்பவர்களுக்கு

'அப்ளிகேஷன்ஸ்' ஃபோல்டரிலிருந்து ட்ராஷுக்கு இழுத்தால் கேம் போய்விடும். அதன் துணை ஃபைல்கள் தங்கிவிடும். ஃபைண்டரில் 'ஆப்ஷன்' கீயை அழுத்தியபடி 'கோ' மெனுவைத் திறந்தால் 'லைப்ரரி' தெரியும். அதற்குள் 'அப்ளிகேஷன் சப்போர்ட்' ஃபோல்டரில் கேமின் பெயரைத் தேடுங்கள். சேவ் ஃபைலும் பல சமயம் அங்கேதான் இருக்கும் என்பதால் நகலெடுத்த பிறகே அழியுங்கள். ஸ்டீம் கேம்களை மேக்கிலும் ஸ்டீம் வழியாகவே நீக்க வேண்டும். டைம் மெஷின் பயன்படுத்துபவர்களுக்கு அழித்த இடம் உடனே திரும்பாமல் போகலாம். அது அதே மேக்கில் எடுத்து வைத்திருக்கும் ஸ்னாப்ஷாட் நகல்கள் நீங்கியதும் இடம் வந்துவிடும்.

வீட்டுக் கணினி என்றால்

கணினி ஒருவருடையது, கேம் இன்னொருவருடையது என்கிற வீடுகள்தான் அதிகம். அப்பாவின் கணக்கு வேலைக்கு இடம் வேண்டும், மகன் ஆறு மாதம் ஆடிய கேம் அதே டிரைவில் இருக்கிறது. பிள்ளை பள்ளிக்குப் போன நேரத்தில் சத்தமில்லாமல் அழித்துவிடுவதைத் தயவுசெய்து தவிர்த்துவிடுங்கள். பெரியவர்களுக்கு அது விளையாட்டு. பிள்ளைக்கோ தன் கையால் செய்த ஒன்று. பக்கத்தில் உட்காரவைத்து, எவ்வளவு இடம் இருக்கிறது, எது எவ்வளவு பிடித்திருக்கிறது என்று காட்டி, "எதை வைத்துக்கொள்ளலாம், எதை அனுப்பலாம்?" என்று கேளுங்கள். சேவ் ஃபைலை நகலெடுக்கும் வேலையை அவர்களிடமே விடுங்கள். பத்து வயதுப் பிள்ளையும் ஒருமுறை பார்த்தால் கற்றுக்கொள்ளும் வேலை இது. பேக்கப் எடுத்த பிறகே எதையும் அழிக்க வேண்டும் என்ற பழக்கம் நாளை அவர்களின் புராஜெக்ட் ரிப்போர்ட்டையும் காப்பாற்றும்.

இவ்வளவும் செய்து பட்டை மறுபடி நீலமானால் அதோடு விட்டுவிட வேண்டாம். டிரைவில் எப்போதும் ஐந்தில் ஒரு பங்காவது காலியாக இருக்கட்டும் என்பது என் சிபாரிசு. பெரிய கேம்கள் அப்டேட் ஆகும்போது பழையதும் புதியதும் கொஞ்ச நேரம் சேர்ந்து இருக்க இடம் கேட்கும். அந்த இடம் இல்லாவிட்டால் அப்டேட் பாதியில் நிற்கும். அடுத்த கேமை நிறுவும் அன்றைக்கே இரண்டு காரியம் செய்யுங்கள். எந்த டிரைவில் ஏற வேண்டும் என்று லாஞ்சர் கேட்கும்போது அப்படியே 'நெக்ஸ்ட்' அழுத்திவிடாமல் இடம் உள்ள டிரைவைத் தேர்ந்தெடுங்கள். முதல் சேவ் செய்தவுடன் அந்த ஃபைல் எங்கே போய் உட்கார்ந்தது என்று தேடிப் பார்த்து, அந்த இடத்தை ஒரு நோட்டில் குறித்து வையுங்கள். நீக்க வேண்டிய நாள் வரும்போது உங்களுக்குத் தேவைப்படுவது அந்த ஒரு வரிதான்.